தெரு கொடுத்த பால்

“இன்னிக்குப் பாலைக் குடிச்சானா இல்லியா?”

குஸ்திப் பயிற்சியில் மயங்கிக் கிடந்த சுயம்புவைப் பார்த்தபடியே டீக்கடை பிரம்மநாயகம் கேட்டார்.

“ஒரு சொட்டு மிச்சமில்ல அண்ணாச்சி” என்று செம்பைக் கவிழ்த்துக் காட்டினாள் சுயம்புவின் மனைவி முப்பிடாதியம்மாள்.

யுத்தம் நடக்கிற காலம். தாராவியில் பாலைக் கண்ணால் பார்ப்பதே அபூர்வம். ஆனாலும் தெருவே பாலில்லாத டீயைக் குடித்துக்கொண்டு, கிடைத்த எருமைப்பாலை எல்லாம் ஆறு மாதமாகச் சுயம்பு வீட்டுக்கு அனுப்பியது.

எல்லாம் ஒரு தவிலுக்காக. போன வருஷக் குஸ்தியில் தோற்று, அம்மன் கோவில் தவிலைப் பக்கத்துச் சுனாபட்டிக்காரர்களிடம் பறிகொடுத்திருந்தார்கள். இந்த வருஷமும் தோற்றால் அம்மன் கொடைத் திருவிழாவுக்குத் தகரடப்பாவைத்தான் கொட்ட வேண்டும்.

“இம்புட்டுப் பாலு குடிச்சும் நெஞ்செலும்பு தெரியுதே தாயி.”

“ஒடம்புல ஏறத்தான் செய்யுது அண்ணாச்சி. ஒங்க கண்ணுக்குத்தான் தெரியல” என்றவள், புருஷனைத் துணிமூட்டை போலத் தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்கு நடந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை சுனாபட்டி மைதானத்தில் கூட்டம் நெரிந்தது. சுயம்பு மண்ணைத் தொட்டுக் கும்பிட்டான். நிமிர்வதற்குள் சுனாபட்டிப் பயில்வான் கணேசபாண்டியன் அவனை மல்லாக்கப் போட்டுவிட்டான். விழுந்தவன் எழுந்திருக்க அவசரப்படவும் இல்லை.

“இதுக்கா ஆறு மாசம் பாலு ஊத்துனீய?” கணேசபாண்டியன் தாராவிக் கூட்டத்தைப் பார்த்துத் தொடையைத் தட்டினான். “வேற யாரு வேணும்னாலும் இறங்குங்க. என்னைச் சாய்ச்சிட்டா தவிலத் தூக்கிட்டுப் போங்க.”

தாராவி ஆம்பிளைகள் அவரவர் கால் விரலைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். பிரம்மநாயகம் துண்டால் கண்ணைத் துடைத்தார்.

பெண்கள் பக்கத்திலிருந்து சேலையை வரிந்து கட்டிக்கொண்டு முப்பிடாதியம்மாள் இறங்கினாள். கணேசபாண்டியன் சிரித்தான். சிரித்த வாயை மூடுவதற்குள் அவள் தலைக்கு மேலே போய், கீழே வந்து, மல்லாக்கக் கிடந்தான்.

அவள் ஒரு தோளில் தவிலையும் மறு தோளில் புருஷனையும் தூக்கிக்கொண்டாள்.

“எப்பிடித் தாயி?” என்றார் பிரம்மநாயகம், வாயைப் பிளந்தபடி.

“அவுகளுக்குப் பாலுன்னாலே கொமட்டும் அண்ணாச்சி. நாந்தான் குடிச்சேன்.”