கதவைத் திறக்கும் காட்சி

கதவு தட்டப்பட்டது. மார்கிட் ஓடிப் போய்த் திறந்தாள். போரில் செத்துப்போனதாக நினைத்திருந்த கணவன் நனைந்த தொப்பியோடு வாசலில் நின்றான். அவள் முகம் வெளுத்துப்போனது.

"நிறுத்து!" என்று கத்தினார் இயக்குநர் ஃபெர்மின். விளக்குகள் அணைந்தன. "புருஷன் செத்துப் பொழைச்சு வந்திருக்கான்மா! நீ என்னடான்னா மாமியாரைப் பார்த்த மாதிரி நிக்கிற!"

கணவனாக நடித்த ரொஹேலியோ தொப்பியைக் கழற்றினான். "மதியம் டாக்கோ ரொட்டியில வெங்காயம்கூட வேணாம்னுட்டேன், செனோரா. இதுக்கு மேல நான் என்ன பண்ணட்டும்?"

படப்பிடிப்புக் கூடமே சிரித்தது. மார்கிட் சிரிக்கவில்லை.

"நான் எழுதின கதையில கதவு திறக்கவே இல்லையே," என்றாள். மெக்சிகோவுக்கு வந்து இத்தனை வருஷமாகியும் அவள் பேச்சில் ஹங்கேரி வாடை போகவில்லை. "தட்டுற சத்தத்தோட படம் முடிஞ்சிடும்."

"ஞாயித்துக்கிழமை புள்ளகுட்டியோட வர்றவங்க வெறும் சத்தத்தைக் கேட்டுட்டா வீட்டுக்குப் போவாங்க? அழணும்மா. சந்தோஷத்துல அழணும்." ஃபெர்மின் குரலைத் தாழ்த்தினார். "இன்னிக்குள்ள இது சரியா வரலைன்னா நாளைக்கு வேற நடிகையாம். தயாரிப்பாளர் சொல்லிட்டார்."

மார்கிட் மறுபடி கதவருகே போய் நின்றாள். அடுத்தவர் பெயரில் கதை எழுதி, வேலைக்காரியாகவும் தாதியாகவும் ஓரத்தில் தலைகாட்டி, இப்போதுதான் முதல்முறையாகக் கதாநாயகி. அதுவும் சொந்தப் பெயரில் எழுதிய கதைக்கு.

அவள் எழுதிய எல்லாப் படங்களிலும் யாராவது ஒரு கதவைத் தட்டுவார்கள். போரில் தொலைந்த கணவனை மறக்க முடியவில்லை, பாவம் என்று ஸ்டூடியோவே பேசிக்கொண்டது. அவள் ஆமாம் என்றதும் இல்லை, இல்லை என்றதும் இல்லை.

இடைவேளையில் வாசல் காவலாளி ஃபெர்மினைத் தேடி வந்தான். பின்னால் ஒரு வெளிநாட்டுக்காரர். அவர் கையில் ஒரு கல்யாணப் புகைப்படம். அதில் இளவயது மார்கிட்டும் அவரும்.

"போர் முடிஞ்சதுலேர்ந்து தேடறேன், ஐயா," என்றார் அவர், தட்டுத்தடுமாறி. "ஹவானாவில ஒரு படம் பார்த்தேன். ஓரமா தட்டு ஏந்திக்கிட்டு இவ நிக்கிறா. உடனே கப்பலேறிட்டேன். அவகிட்ட சொல்லிடாதீங்க. சொல்லாமலே போய் நிக்கணும்."

ஃபெர்மினுக்குக் கண் கலங்கியது. கூடவே மூளையும் வேலை செய்தது. இப்படி ஒரு நிஜமான முகபாவம் எந்த இயக்குநருக்குக் கிடைக்கும்?

ரொஹேலியோவின் தொப்பியும் கோட்டும் அந்த மனிதருக்கு மாறின. ஒப்பனைக்காரி சேலோ இப்போதே கைக்குட்டையை எடுத்துக்கொண்டாள்.

"கடைசித் தடவை, மார்கிட். நீ கதவை மட்டும் திற. மத்ததை அந்தக் கன்னிமாதா பார்த்துப்பா," என்றார் ஃபெர்மின்.

கேமரா ஓடியது. கதவு தட்டப்பட்டது. ரொஹேலியோ படபடவென்று தட்டுவான். இது மெதுவாக, நிதானமாகக் கேட்டது. மார்கிட்டின் கை தாழ்ப்பாள்மேல் அப்படியே நின்றது. எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டார்கள்.

திறந்தாள்.

அவள் கத்தவில்லை. அழவில்லை. அந்த மனிதர் புன்னகையோடு உள்ளே வந்து, பின்னால் கதவைச் சாத்தினார். அவள் மணிக்கட்டைப் பற்றிக்கொண்டு, அவர்கள் மொழியில் ஏதோ மென்மையாகச் சொன்னார்.

சேலோ விம்மினாள். ஃபெர்மின் பூரித்துப்போய், காட்சியை முடிக்கக் கையை உயர்த்தினார்.

அப்போது மார்கிட் நேராகக் கேமராவைப் பார்த்தாள். எந்த நடிகையும் பார்க்கக் கூடாத இடம் அது.

"நிறுத்திடாதீங்க, ஃபெர்மின்... இந்தத் தடவையாவது இவன் என்னை அடிக்கறதுக்கு ஒரு சாட்சி இருக்கட்டும்."