உள்பக்கத்து நாடா

சூப்பர்வைசர் அந்தப் பையைத் தூக்கி அண்ணியின் தையல் மிஷின் மேல் போட்டார். யாரைக் கேட்டு இதைத் தைத்தீர்கள் என்றார்.

ஜிப்பின் உள்பக்கம், விரல் நீளத்துக்கு ஒரு நீல நாடா. உள்ளே படுத்திருப்பவர் அதை இழுத்தால் ஜிப் திறந்துகொள்ளும். கொடுத்த மாதிரியில் வெளியே மட்டும்தான் பிடி இருந்தது. இதை வரைந்தவன் தூங்கி வழிந்திருக்கிறான் என்று சொல்லி, காலையிலிருந்து அறுபது பைகளுக்கு அண்ணி நாடா வைத்திருந்தாள். பக்கத்து மிஷினில் இருந்த நானும் அவள் மூளையை மெச்சினேன்.

நாங்கள் குழந்தைகள் உடுப்பு தைத்துக்கொண்டிருந்தவர்கள். கடலுக்கு அப்பால் எங்கேயோ சண்டை தொடங்கியது. கப்பல் வரவில்லை, துணி வரவில்லை, கம்பெனி கேட்டை இழுத்துப் பூட்டிவிட்டார்கள்.

ஐந்து மாதம்.

இங்கேயே துணி வெட்டிக்கொண்டிருந்த அண்ணியின் மகன், லாரி ஓட்டும் வேலை என்று ஏஜென்ட் சொன்னதை நம்பி, சண்டை நடக்கும் அந்த நாட்டுக்கே போனான். போய் இறங்கியதும் கையில் துப்பாக்கியைக் கொடுத்துவிட்டார்கள்.

அப்புறம் அதே சண்டை எங்களுக்கு வேலையும் கொடுத்தது. பட்டாளத்துக்குத் தூங்கும் பை, அவசர ஆர்டர் என்றார்கள். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், சண்டை இன்னும் கொஞ்ச நாள் இழுக்கட்டும் என்று நாங்கள் மனதுக்குள் வேண்டிக்கொண்டோம்.

அண்ணி மட்டும் முதல் நாளே பையை அளந்து பார்த்துச் சிரித்தாள். ஏழடி. எந்தப் போர்வைக்கும் கால் வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் பிள்ளை, இதிலாவது நிம்மதியாகத் தூங்குவான் என்றாள்.

இப்போது அவள் சூப்பர்வைசரை நிமிர்ந்து பார்த்தாள்.

"உள்ள படுக்குற புள்ள எப்படிங்க தெறக்கும்?"

அவர் கெட்ட மனிதர் இல்லை. தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

"உள்ள இருக்குறவங்க தெறக்க மாட்டாங்கம்மா."

சுற்றி ஓடிக்கொண்டிருந்த மிஷின்கள் ஒவ்வொன்றாக நின்றன.

அண்ணி அழவில்லை. சின்னக் கத்தரியை எடுத்து நாடாக்களைப் பிரிக்கத் தொடங்கினாள். எனக்குத்தான் கை ஓடவில்லை.

மதியம் மேனேஜர் வந்தார். ஆர்டர் இரண்டு மடங்காகிவிட்டது, இந்த வருஷம் ஒருத்தருக்கும் வேலை போகாது என்றார்.

பழக்க தோஷம். எல்லோரும் கைதட்டினோம்.

மடி நிறைய நீல நாடாக்கள் கிடக்க, கத்தரியைக் கீழே வைத்துவிட்டு, அண்ணியும் தட்டினாள்.