ஓரத்தில் விட்ட இடம்

குளிர்கால வெயில் ஓட்ரிக் சாமியாரின் மேசையில் பாதிவரைதான் எட்டுகிறது. வாதம் என்று வந்துவிட்டால் எங்கள் மடத்தில் அவரை அடித்துக்கொள்ள ஆளில்லை. அதனால்தான், ஸ்பெயினிலிருந்து லத்தீனில் மொழிபெயர்க்கப்பட்டு வந்திருக்கும் முஸ்லிம்களின் மறைநூலுக்கு மறுப்பெழுதும் வேலையை மடத்துத் தலைவர் அவரிடம் கொடுத்திருக்கிறார். எதிர் மேசையில் தெஸ்லின் சாமியார் உரக்கப் படிக்கிறார். ஓட்ரிக்கின் வாத்திறகு தோல்தாளின் ஓரத்தில் கீறிக்கொண்டே போகிறது: பொய், இதுவும் பொய். கீறும் சத்தத்திலேயே கோபம் கேட்கிறது. தெஸ்லின் இப்போது ஒரு பெண்ணைப் பற்றிப் படிக்கிறார். துணைக்கு யாருமில்லாமல், பிரசவ வலியில், பேரீச்ச மரத்தடியில் அவள் தவிக்கிறாள். இறகு நிற்கிறது. “ஐயோ பாவம், யாருய்யா அது?” என்கிறார் ஓட்ரிக். “மரியா.” எழுதுகூடத்தில் அத்தனை தலைகளும் குனிகின்றன. அந்தப் பெயர் காதில் விழுந்தால் குனிவது எங்கள் கழுத்துகளுக்குப் பழக்கம். ஓட்ரிக்கின் தலையும் அவரைக் கேட்காமலே குனிந்துவிட்டது. “நம்ம மாதாவா? அவங்க புத்தகத்துலயா?” “அவங்க புத்தகத்துலதான். என்ன சாமி, பொய்னு எழுதலையா? மை தீந்துபோச்சா?” யாரோ சிரிப்பை இருமலாக்கிக்கொள்கிறார். இறகின் நுனியில் திரண்ட மைத்துளி விழாமல் நிற்கிறது. ஓட்ரிக் இறகை மெதுவாக, மை ஊற்றி வைத்த கொம்பிலேயே திரும்பச் செருகுகிறார். “உன் கேலியை அப்புறம் வச்சுக்க. அந்த மரத்தடியிலேருந்து மறுபடி படி.” தெஸ்லின் குரலைத் தாழ்த்திக்கொண்டு படிக்கத் தொடங்குகிறார். எழுதாமல் விட்ட ஓரத்தில் வெயில் ஏறுகிறது. இந்த முறை பெயர் வருவதற்கு முன்பே, ஓட்ரிக் அங்கியின் முக்காட்டைப் பின்னால் தள்ளிவிட்டுத் தலை குனிந்துகொள்கிறார்.