வாசிப்பு வகுப்பில் ரகளை

“ஒண்ணு அவ இருக்கணும், இல்ல நான் இருக்கணும். நீங்களே முடிவு பண்ணுங்க மேடம்!”

ஹெச்.எம். அறையில் டீச்சர் கொதித்துக்கொண்டிருந்தார். அவருடைய புடவை முந்தானை நனைந்து சொட்டியது.

எதிரே பஸ் கண்டக்டர் யூனிஃபார்மில் ஒருவர், பாதி டியூட்டியில் ஓடி வந்தவர், கையைப் பிசைந்தபடி நின்றார். அவருடைய மகள் தரையைப் பார்த்தபடி பக்கத்தில் நின்றாள். ஐந்தாம் வகுப்பு. பள்ளிக்கூடமே அவளுக்கு வைத்த பெயர் ரகளை.

“அப்படி என்னதான் பண்ணினா டீச்சர்?”

“என்ன பண்ணலைன்னு கேளுங்க! முந்தாநாள் பூனை மாதிரி கத்தினா. நேத்து பெஞ்சோட சேர்ந்து கவிழ்ந்து விழுந்தா. இன்னிக்குத் தண்ணி பாட்டிலைத் தூக்கி என் மேலயே சாய்ச்சுட்டா. எல்லாம் என் வாசிப்பு வகுப்புலதான். மத்த வகுப்புல பொம்மை மாதிரி உக்காந்திருக்காளாம்!”

“ஏம்மா கண்ணு, டீச்சர் மேல உனக்கு என்ன கோபம்?”

“கோபம் இல்லப்பா.”

“அப்புறம் ஏன்? வாயைத் திறந்து சொல்லேன்!”

ரகளை அப்பாவின் முதுகுக்குப் பின்னால் நகர்ந்துகொண்டாள்.

“எத்தனை தடவைங்க மன்னிக்கிறது?” என்றார் ஹெச்.எம். “வேற ஸ்கூல் பார்த்துக்குங்க. டி.சி. எழுதித் தரேன்.”

கண்டக்டர் கைகூப்பினார். “மேடம், வருஷத்து நடுவுல எந்த ஸ்கூல்ல மேடம் சேர்த்துப்பாங்க?”

அதைக் கேட்க டீச்சர் அங்கே இல்லை. ‘அப்பாடா, தொல்லை விட்டுது’ என்று, பாதியில் விட்ட வாசிப்பு வகுப்பை முதலிலிருந்து தொடங்கக் கிளம்பிவிட்டார்.

டீச்சரின் வாசிப்பு வகுப்பு அந்தப் பள்ளியில் பிரசித்தம். பெஞ்சு வரிசைப்படி ஒவ்வொருவரும் எழுந்து ஒரு பத்தி சத்தமாக வாசிக்க வேண்டும். “என்கிட்டேருந்து ஒரு பிள்ளைகூட தப்பிக்க முடியாது” என்று ஸ்டாஃப் ரூமில் பீற்றிக்கொள்வார்.

முதல் பெஞ்சு ஜோராக முடிந்தது. ஒரு சத்தமில்லை. ஆஹா, வகுப்பென்றால் இது வகுப்பு!

அடுத்து எழுந்தவள், எல்லாப் பாடத்திலும் முதலாவதாக வருகிற பெண்.

“ம், வாசிம்மா.”

வாசிக்கவில்லை.

“என்ன, இன்னிக்கு நீ ஆரம்பிச்சுட்டியா?”

அப்போதுதான் கவனித்தார். அந்தப் பெண்ணின் கையில் புத்தகம் வெடவெடவென்று ஆடிக்கொண்டிருந்தது. முகத்தில் பொட்டு ரத்தம் இல்லை. வாய் திறந்திருந்தது, குரல்தான் வரவில்லை. கண்ணிலிருந்து தண்ணீர் பொலபொலவென்று கொட்டியது.

டீச்சர் பதறிப்போய் ஓடிப் பிடித்துக்கொண்டார். “என்னடா கண்ணா? உடம்பு சரியில்லையா?”

“எப்பவுமே இப்படித்தான் மிஸ். எழுந்தா நெஞ்சு படபடன்னு அடிச்சுக்கும். கண்ணுக்கு எழுத்தே தெரியாது.”

“எப்பவுமேவா? நான் பார்த்ததே இல்லையே!”

“என் முறை வந்தா ரகளை ஏதாவது பண்ணுவா மிஸ். நீங்க அவளைத் திட்டி வெளியே அனுப்பிட்டு, மறந்துபோய் அடுத்த ஆளைக் கூப்பிடுவீங்க.”



“உனக்காகவா?”

“எனக்கும்தான் மிஸ்” என்றது பின்னாலிருந்து ஒரு குரல்.

டீச்சர் மெல்லத் திரும்பினார். “எல்லாரும் கண்ணை மூடிக்குங்க. வாசிக்கணும்னா யாருக்கெல்லாம் இப்படி ஆகுது? பயப்படாம கையைத் தூக்குங்க.”

ஒரு கை எழுந்தது. இன்னொன்று. வாயாடி என்று பெயரெடுத்தவனின் கை. ஓட்டப்பந்தயத்தில் கோப்பை வாங்கியவளின் கை. எண்ண ஆரம்பித்த டீச்சர் பாதியில் விட்டுவிட்டார். இவ்வளவு பேரா!

“முதல் நாள் ராத்திரியே வயிறு வலிக்கும் மிஸ்.”

“காலைல சாப்பாடே இறங்காது மிஸ்.”

“எனக்கு ஸ்கூலுக்கு வரவே பிடிக்காது. அம்மா நடிக்கிறேன்னு அடிப்பாங்க.”

டீச்சர் ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். இத்தனை சின்ன வயிற்றுக்குள் இவ்வளவு பயத்தையா சுமந்துகொண்டு தினமும் ‘குட் மார்னிங் மிஸ்’ என்று சிரித்தார்கள்? தன் கண்ணெதிரே! இத்தனை பேரையும் ஒருத்தி தெரிந்து வைத்துக்கொண்டு, ஒவ்வொருவருக்காகவும் திட்டு வாங்கியிருக்கிறாளே!

அடுத்த நிமிடம் ஹெச்.எம். அறைக்கு ஓடினார்.

“மேடம், எழுதாதீங்க! பாவி நான், ஒரு தெய்வத்தைப் போய் வெளியே தள்ளப் பார்த்தேன்!”

மூச்சிரைக்க எல்லாவற்றையும் கொட்டினார். ஹெச்.எம். பேனாவை மூடி வைத்துவிட்டு ரகளையையே பார்த்துக்கொண்டிருந்தார். கண்டக்டர் சட்டைக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

டீச்சர் ரகளையின் முன்னால் மண்டியிட்டு உட்கார்ந்தார். “யாருக்குப் பயம்னு உனக்கு எப்படிடா தெரிஞ்சுது?”

“பார்த்தாலே தெரியும் மிஸ். முறை வர்றதுக்கு முன்னாடியே எச்சில் முழுங்க ஆரம்பிச்சுடுவாங்க.”

“என்கிட்ட சொல்லியிருக்கலாமே?”

“சொன்னா எல்லாரும் சிரிப்பாங்கன்னு அவங்க அழுதாங்க மிஸ்.”

“எம்மாடி!” டீச்சர் அவள் கன்னத்தை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டார். “இவ்வளவு தைரியம் உனக்கு எங்கேருந்து வந்துச்சு? உனக்குப் பயம்னு ஒண்ணு கிடையவே கிடையாதா?”

ரகளை எச்சிலை விழுங்கினாள். அப்பாவை ஒரு பார்வை பார்த்துவிட்டு, டீச்சருக்கு மட்டும் கேட்கிற குரலில் சொன்னாள்:

“நான் ஒரு தடவையாவது வாசிச்சு நீங்க கேட்டிருக்கீங்களா மிஸ்? என் முறை வர்றதுக்குள்ள நீங்கதான் என்னை வெளியே அனுப்பிடுவீங்களே.”