வளர்பிறையில் சேர்ந்தவர்

சௌரிராஜன் மைக்கைப் பிடித்ததுமே சாரதாம்பாளுக்குத் தெரிந்துவிட்டது, அந்தக் கதைதான் வரப்போகிறதென்று.

திருமங்கலத்தில் அவர் வேலை பார்த்த அரசு அலுவலகத்தின் மாடியில் பணி நிறைவு விழா. கழுத்தில் ரோஜா மாலை, தோளில் சால்வை மேல் சால்வை. பக்கத்து நாற்காலியில் மனைவிக்கும் ஒரு மாலையைப் போட்டு உட்கார வைத்திருந்தார்கள்.

“ஆர்டர் கையில வந்தது ஒரு வெள்ளிக்கிழமைண்ணே. திங்கக்கிழமையே போயிச் சேந்திருக்கணும். நம்ம வீட்டம்மா காலண்டரப் பாத்துப்புட்டு, தேய்பிறையில சேரக் கூடாது, வளர்பிறை பொறக்கட்டும்னு புடிச்சு வச்சுட்டாங்க. வியாழக்கிழமை போயிச் சேந்தேன். மூணே நாளு, பென்ஷன் போச்சு!”

கூட்டம் குலுங்கிச் சிரித்தது. தலைமை தாங்கிய கண்காணிப்பாளர் தங்கப்பாண்டி கண்ணைத் துடைத்துக்கொண்டார். அவர் சிரிக்கலாம். பழைய ஆள், சாகும்வரை மாதாமாதம் பென்ஷன் வரும், செத்த பிறகு வீட்டுக்கும் வரும். பின்வரிசையில் இருந்த, புதிதாக வேலைக்குச் சேர்ந்த பிள்ளைகளும் சிரித்தார்கள். தங்களுக்கும் இதே கதிதான் என்பதை மறந்துவிட்டுச் சிரித்தார்கள்.

சௌரிராஜனுக்கு இன்றோடு சரி. சம்பளத்தில் பிடித்ததை மொத்தமாக ஒருநாள் கொடுப்பார்கள். அப்புறம் கையை விரித்துவிடுவார்கள்.

சாரதாம்பாளுக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

முதலில் அரசாங்கத்தின் மேல். 2003 ஏப்ரல் ஒன்றாம் தேதியிலிருந்து சேர்ந்தவர்களுக்குப் பழைய பென்ஷன் கிடையாது என்று உத்தரவு போட்டார்களே, எப்போது போட்டார்கள்? ஆகஸ்ட் மாதம். நாலு மாதம் கழித்து உட்கார்ந்து, பின்னால் போய்க் கோடு கிழித்தார்கள். அந்த உத்தரவின் எண்ணைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவாள். அதற்கப்புறம் எத்தனை கமிட்டி, எத்தனை வாக்குறுதி, எத்தனை உண்ணாவிரதப் பந்தல்!

அடுத்து இந்த மனுஷன் மேல்.

கோடு எங்கே விழும் என்று அன்றைக்கு எவனுக்கும் தெரியாது. அவருக்கும் தெரியாது. அதனால் அவரை அவள் ஒருநாளும் குற்றம் சொன்னதில்லை. ஆனால் காலண்டரைக் கையில் வைத்துக்கொண்டு வளர்பிறை வளர்பிறை என்று குதித்தது அவர். திங்கட்கிழமையே, மார்ச் முப்பத்தொன்றாம் தேதியே போங்கள் என்று கெஞ்சியது அவள்.

பழி எப்போது இடம் மாறியது என்று அவளுக்கே நினைவில்லை. முதலில் சொந்தக்காரர்களிடம் விளையாட்டாகச் சொன்னார். பிறகு சங்கக் கூட்டத்தில் சொன்னார். சொல்லிச் சொல்லி இப்போது அவரே நம்புகிறார். கல்யாண வீடுகளில் அவளைப் பார்த்து உச்சுக் கொட்டுகிறார்கள். இருபத்திரண்டு வருஷமாக வாயைத் திறக்கவில்லை, புருஷனை நாலு பேர் முன்னால் விட்டுக்கொடுக்கக் கூடாதென்று. அவளை அவர் எத்தனை பேர் முன்னால் விட்டுக்கொடுத்தார்!

அண்ணியும் ரெண்டு வார்த்தை பேச வேண்டும் என்று தங்கப்பாண்டி மைக்கை நீட்டினார்.

கும்பிட்டுவிட்டு உட்கார்ந்துவிடுவாள் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அவள் மைக்கை வாங்கினாள். சௌரிராஜன் முகம் வெளுத்தது. எதுவானாலும் வீட்டில் பேசிக்கொள்ளலாம் என்று அவர்களுடைய வீட்டு மொழியான சௌராஷ்டிரத்தில் கிசுகிசுத்தார், மற்றவர்களுக்குப் புரியாதபடி.

அவள் தமிழிலேயே பேசினாள்.

“அந்த வெள்ளிக்கிழமை எங்க வீட்டுக்கு ரெண்டு ஆர்டர் வந்துச்சுங்க. இவரு வளர்பிறைக்குக் காத்திருந்தாரு. நான் திங்கக்கிழமையே போயி மதுரை செல்லூர் ஸ்கூல் ஆபீசுல கையெழுத்துப் போட்டுட்டேன். எனக்குப் பழைய பென்ஷன் உண்டு. இனிமே இவருக்கும் சோறு போடப்போறது அந்தத் தேய்பிறைதான்.”

யாரும் சிரிக்கவில்லை. ஒருத்தர் மட்டும் கை தட்ட ஆரம்பித்துப் பாதியில் நிறுத்திக்கொண்டார்.

சாரதாம்பாள் மாலையைக் கழற்றி நாற்காலியில் வைத்துவிட்டு, விருந்துக்கு நிற்காமல் மதுரை பஸ்ஸுக்குக் கிளம்பினாள். அரை நாள் லீவுதான் போட்டிருந்தாள்.