தாவ மாட்டேன்

மாகாண அணிக்காக நீளம் தாண்டியே முட்டி தேய்ந்து ஓய்வுபெற்றவள் தோங் யூலின். விளையாட்டுப் பள்ளியில் கேட்டு வந்திருக்கும் இந்த வேலையும் கிடைக்காவிட்டால் அப்பாவின் நூடுல்ஸ் கடைதான்.

நேர்காணல் மேசைக்கு எதிரே பள்ளி நிர்வாகி கெங். சோயா சாஸ் தொழிற்சாலையிலிருந்து அன்றுதான் மாற்றலாகி வந்தவர்.

"நிறைய இடத்துல தாவியிருக்கீங்களாமே?"

"ஆமா தலைவரே. வூஹான், ஜினான், குன்மிங். கூப்பிட்ட இடத்துக்கெல்லாம் போய்த் தாவுவேன்."

"வெக்கமா இல்ல?"

"மொதல்ல இருந்துச்சு. கைதட்டத் தட்டப் பழகிடுச்சு."

"இங்கேருந்து எப்பத் தாவுறதா உத்தேசம்?"

"முட்டி வலிதான். நீங்க சொன்னா இப்பவே தாவுறேன்."

கெங்குக்குத் தேநீர் புரையேறியது.

"சாஸ் ஃபேக்டரியில பாதிப் பேர் இப்படித்தான் வேற கம்பெனிக்குத் தாவுனாங்க. இங்க அந்தக் கதையே வேணாம். இனிமே தாவவே மாட்டேன்னு எழுதிக் குடுங்க, வேலை உங்களுக்குத்தான்."

யூலின் விளக்கப் போனாள். நூடுல்ஸ் கடை நினைவுக்கு வந்தது. எழுதிக் கொடுத்தாள்.

மறுநாள் மணல்குழியருகே மாணவிகள் காத்திருந்தார்கள்.

"டீச்சர், ஒரு தடவை தாவிக் காட்டுங்க!"

மாடி ஜன்னலில் கெங் நின்றிருந்தார்.

விளையாட்டுப் பள்ளியின் புதிய நீளம் தாண்டுதல் பயிற்சியாளர் தாண்டும் பலகைவரை வேகமாக ஓடி வந்தாள். பிறகு மணலில் இறங்கி, நடந்து போனாள்.