ஒத்தை சாக்ஸ்

ஆஸ்பத்திரிப் பயிற்சி அறையில், கண்ணாடிக்கு முன்னால் ஸ்டூலில் உட்கார்ந்திருக்கிறார் பஸ் டிரைவர். ஜன்னல் வெயில் அவர் முகத்தின் இடது பாதியில் விழுகிறது; வாதம் வந்ததிலிருந்து அந்தப் பாதி அசையவே இல்லை. "சிரிங்க சார், இன்னொரு தடவை," என்கிறாள் பயிற்சி தருகிற பெண். உதட்டின் வலது ஓரம் மட்டும் ஏறுகிறது. ஒரு காலில் சாக்ஸ், இன்னொன்று வெறுங்கால். "காலைல வீட்டையே தலைகீழாப் புரட்டிட்டேன்மா, இன்னொரு சாக்ஸைக் காணோம். இவருக்கு எதையும் ஒழுங்கா வைக்கத் தெரியாது," என்று பின்னால் பொரிந்து தள்ளுகிற மனைவி, பேச்சோடு பேச்சாகப் பையைச் சுவர் ஆணியில் மாட்டத் திரும்புகிறாள். இடம் மிச்சம் என்று ஒரே கிளிப்பில் இரண்டு துணியைக் காயப்போடுவது அவள் வழக்கம். அவசரத்தில் கொடியிலிருந்து உருவிப் போட்டுக்கொண்டு வந்த ஸ்வெட்டரின் பின்பக்கம் பச்சைக் கிளிப் ஒன்று கவ்வியிருக்கிறது; அதில் அந்தச் சாக்ஸ் வால் மாதிரி ஆடுகிறது. கண்ணாடியில் அதைப் பார்த்த டிரைவரின் தோள் குலுங்குகிறது. மக்கர் பண்ணிய வண்டி கிளம்புவதுபோல் தொண்டையிலிருந்து கர்ரென்று ஒரு சத்தம். "இப்ப என்னத்துக்கு இந்த இளிப்பு?" என்று சண்டைக்குத் திரும்பிய மனைவி அவர் முகத்தைப் பார்த்து அப்படியே நின்றுவிடுகிறாள். வெயில் பட்ட பக்கத்திலும் உதட்டோரம் மெல்ல மேலே ஏறுகிறது. பயிற்சிப் பெண் சொல்கிறாள்: "அம்மா, கொஞ்சம் மறுபடி அந்தப் பக்கம் திரும்பி நில்லுங்க."